திரைப்படத்தில் கருப்பொருள்: பன்சி சந்திரகுப்தாவின் காட்சியமைப்புப் பணி

அகப்பொருட் பாடல்களுக்கு முதல், கரு, உரி என்னும் மூன்றனையும் வகுத்துரைத்த தொல்காப்பியர் நெறியை நம் மாணவர் தொடக்க வகுப்பிலேயே கற்கின்றனர். நிலமும் பொழுதும் முதற்பொருள். அந்நிலத்துக்குரிய தெய்வம், உணவு, மரம், புள், தொழில் முதலியன கருப்பொருள். மாந்தர் உள்ளத்து நிகழும் ஒழுக்கம் உரிப்பொருள். புலவன் ஒரு சுனையையோ வேங்கையையோ கூறும்போது அது வெறும் பின்னணியாய் நில்லாமல், வெளிப்படக் கூறாத ஒன்றனையும் உணர்த்தி நிற்கும் என்பதும், அதனை உள்ளுறை எனவும் இறைச்சி எனவும் ஆன்றோர் பகுத்து ஆராய்ந்தனர் என்பதும் யாவரும் அறிந்தனவே. புலவனுக்கு இதில் ஓர் எளிமை உண்டு. வேங்கை வேண்டுமெனின் அச்சொல்லை இட்டால் போதும்; மரம் வந்து நிற்கும். திரைப்படத்திற்கோ அவ்வெளிமை இல்லை. அங்கே ஒரு சுவர் வேண்டுமெனின் யாரேனும் ஒருவர் அச்சுவரை எழுப்புதல் வேண்டும். அதில் ஐம்பது ஆண்டுப் புகை படிந்திருத்தல் வேண்டுமெனின் யாரேனும் ஒருவர் அப்புகையைப் பூசுதல் வேண்டும். அங்ஙனம் பூசுவார் யாவர், அவர் தொழில் எத்தகையது, அதனை ஆராய்வது எங்ஙனம் என்பனவற்றை ஒருவருடைய வாழ்க்கைப் பணியின் வழியாக விளக்க முற்படுவதே இக்கட்டுரை. அதற்கு யாம் எடுத்துக்கொண்டவர் பன்சி சந்திரகுப்தா (1924–1981). சத்தியஜித் ராயின் புகழ் பெற்ற படங்கள் பலவற்றின் வீடுகளையும் தெருக்களையும் அறைகளையும் ஆக்கித் தந்தவர் இவர்.

முதற்கண் தொழிற்பெயர் பற்றிச் சில சொற்கள் கூறுதல் வேண்டும். 'புரொடக்சன் டிசைனர்' என்னும் பெயர் 1939-இல் வெளிவந்த 'கான் வித் த விண்ட்' என்னும் அமெரிக்கப் படத்தின் பொருட்டு வில்லியம் கேமரன் மென்சீசு என்பாருக்கு வழங்கப்பெற்றதிலிருந்து வழக்கிற்கு வந்தது. அதற்கு முன்னரும் அத்தொழில் இருந்தது. 'ஆர்ட் டைரக்டர்' என்பது அதன் பெயர். இந்தியத் திரையுலகில் இப்பழைய பெயரே நெடுங்காலம் வழங்கியது; தமிழில் 'கலை இயக்குநர்' என மொழிபெயர்த்துக் கொண்டோம். அவரால் அமைக்கப்படுவதைப் படப்பிடிப்பு நிலையத்தார் 'செட்' என்பர். யாம் ஈண்டுக் காட்சியமைப்பு, காட்சியமைப்பாளர் என்னும் சொற்களை ஆள்கின்றோம், பொருள் ஒன்றே.

இவருடைய வேலை எங்ஙனம் நடைபெறுகின்றது? திரைக்கதை கைக்கு வந்ததும் காட்சியமைப்பாளர் அதனை இடவாரியாகப் பிரித்துக்கொள்கின்றார். எவ்விடத்தை வெளியே தேடிக் காண்பது, எதனை நிலையத்துள் கட்டுவது என்பது முதல் முடிவு; செலவு பெரும்பாலும் இம்முடிவைப் பொறுத்தது. பின்னர்த் தரைப்படம் வரையப்படும். வேண்டின் அட்டையால் ஒரு சிறு மாதிரியும் செய்யப்படும். கதவு எங்கே, சாளரம் எங்கே, நடிகர் எவ்வழி நுழைவார், படக்கருவி எங்கு நின்று நோக்கும் என்பன யாவும் தரைப்படத்திலேயே தீர்மானமாகிவிடுகின்றன. ஆதலின் நடிப்பின் போக்கில் ஒரு பகுதியைக் காட்சியமைப்பாளரே முன்கூட்டி எழுதிவிடுகின்றார் எனலாம். தச்சர் மரச்சட்டங்களை நிறுத்துவர்; சாந்து பூசுவோர் அவற்றின்மேல் சுவரின் உருவைத் தருவர்; ஓவியர் வண்ணமும் பழமையும் ஏற்றுவர். படக்கருவி பின்வாங்குதற்கு இடம் வேண்டுமாதலின் சில சுவர்கள் கழற்றத்தக்கனவாய் இருக்கும். மேற்கூரை பெரும்பாலும் இராது. விளக்குகள் மேலிருந்து ஒளி வீசுதற்கு அவ்விடம் திறந்தே கிடக்கும். இவையெல்லாம் முடிந்த பின்னர்த்தான் அறையை நிரப்பும் வேலை. கட்டில், பெட்டி, குடை, மருந்துப்புட்டி, நாட்காட்டி எனப் பல பொருள்கள் வந்து சேரும். அறையில் வாழ்வோர் இன்னார் என்று காண்போர்க்குச் சொல்லுபவை இப்பொருள்களே.

காட்சியமைப்பில் இரு வகை உண்டு. ஒன்று, காண்போர் கண்டு வியத்தற்கென்றே அமைக்கப்படுவது. 1948-இல் வெளிவந்த 'சந்திரலேகா' படத்தின் முரசு நடனத்தைக் கண்டவர் எவரும் அம்முரசுகளை மறவார், ஏ. கே. சேகர் அதன் கலை இயக்குநர். அம்முரசுகள் தாமே காட்சி. அவற்றைக் காணவே மக்கள் வந்தனர். மற்றொன்று, காண்போர் அதனை ஒருவர் ஆக்கியது என்றே எண்ணாமல், அது முன்பே அங்கு இருந்தது என்று கொள்ளுமாறு அமைக்கப்படுவது. முதல் வகையில் அமைப்பாளர் வெற்றி பெற்றால் அவர் பெயர் பரவும். இரண்டாம் வகையில் வெற்றி பெற்றால் அவர் பெயர் மறையும். இரண்டினையும் உயர்வு தாழ்வு கூற யாம் முற்படவில்லை. பன்சி சந்திரகுப்தா இரண்டாம் வகையினர் என்பதும், அவரைப் பற்றிய எழுத்து மிகக் குறைவாயிருத்தற்கு அதுவே பெருங்காரணம் என்பதும் எம் கருத்து.

அவர் பிறந்த ஊர் இன்று பாகிஸ்தானிலுள்ள சியால்கோட். குடும்பம் காஷ்மீரத்தது, வளர்ந்ததும் அந்நாட்டிலேயே. ஓவியராக வேண்டும் என்பதே இளமையில் அவருக்கிருந்த வேட்கை. ஓவியர் சுபோ தாகூரின் தொடர்பால் கல்கத்தாவுக்கு வந்தார். 1947-இல் சத்தியஜித் ராய், சிதானந்த தாஸ்குப்தா முதலிய நண்பர்களுடன் கல்கத்தாத் திரைப்படக் கழகத்தைத் தொடங்கியவர்களுள் இவரும் ஒருவர். அயல்நாட்டுப் படங்களைத் தருவித்துக் கண்டு, கண்டவற்றைப் பற்றி நெடிது வாதிடுவதே அக்கழகத்தின் வேலை. வங்கத் திரைப்படங்களின் காட்சியமைப்பு அக்காலத்தில் பெரும்பாலும் நாடக மேடையின் வழிவந்தது. சட்டத்தில் இழுத்துக் கட்டிய துணியின்மேல் சுவரையும் தூணையும் எழுதிவிடுவர். கதவைச் சாத்தினால் சுவரும் சேர்ந்து அசையும். இதனைக் கண்டு சலித்திருந்த இளைஞர் குழுவுக்கு எதிர்பாரா வாய்ப்பொன்று வந்தது. பிரெஞ்சு இயக்குநர் ஜீன் ரெனுவார் 'த ரிவர்' என்னும் வண்ணப் படத்தை எடுக்க வங்கத்துக்கு வந்தார். 1951-இல் வெளிவந்த அப்படத்தின் காட்சியமைப்பாளர் யூஜின் லூரியே. 'லா கிராந்த் இலூசியோன்' (1937) முதலிய ரெனுவாரின் படங்களுக்குப் பணிபுரிந்தவர். அவருக்கு உதவியாளராகப் பன்சி சந்திரகுப்தா சேர்ந்தார். பல்கலைக்கழகமோ பயிற்சிப் பள்ளியோ இத்தொழிலை இந்நாட்டில் கற்பிக்காத காலம் அது. கங்கைக் கரையில் ஒரு தேர்ந்த கைவினைஞரின் அருகிருந்து கற்ற அக்கல்வியே அவருடைய பட்டம்.

ராயின் முதற்படமாகிய 'பதேர் பாஞ்சாலி' 1952-இல் தொடங்கி, பொருள் முட்டுப்பாட்டால் பலமுறை நின்று, 1955-இல் வெளிவந்தது. கல்கத்தாவுக்கு அண்மையிலுள்ள போரால் என்னும் சிற்றூரில் இடிந்து கிடந்த ஒரு வீடு இதற்கென வாடகைக்குப் பெறப்பட்டது. 'உண்மை வீட்டிலேயே எடுத்தனர். காட்சியமைப்பாளருக்கு அங்கு என்ன வேலை?' என்று கேட்பார் உளர். அவர்கள் இரண்டனை மறந்துவிடுகின்றனர். ஒன்று, உண்மை வீடு கதைக்குரிய வீடாகிவிடாது. முற்றத்தின் எப்பக்கத்தில் அடுக்களை, முதியவளாகிய இந்திர் தாக்ருணின் குடில் எத்துணைத் தொலைவில், வேலி எங்கே உடைந்திருக்க வேண்டும் என்பன கதையின் உறவுகளை ஒட்டி முடிவு செய்யப்பட வேண்டியவை. கிழவி தன் மூட்டையுடன் முற்றத்தைக் கடந்து செல்லும்போது அந்த முற்றத்தின் நீளம் நமக்குத் துயரமாகின்றது. மற்றொன்று, படத்தின் பகற்காட்சிகளே போராலில் எடுக்கப்பட்டன. இரவுக்காட்சிகளில் வரும் உள்ளறைகள் நிலையத்தில் கட்டப்பட்டவை. துர்க்கை இறக்கும் புயலிரவை நினைவு கூர்க. சாளரத்தில் தொங்கும் சாக்குத்துணி காற்றில் புடைப்பதும், மாடத்துப் பிள்ளையார் நடுங்குவதும், தாழ்ப்பாள் அதிர்வதும் ஆகிய இவையே அவ்விரவின் நிகழ்ச்சி. அவ்வறை போரால் வீட்டின் அறை அன்று என்பதைப் படம் பார்க்கும் எவரும் உணர்வதில்லை. பகலில் வெயிலில் கண்ட சுவரின் காரைப் பெயர்ப்பும் இரவில் விளக்கொளியில் காணும் சுவரின் காரைப் பெயர்ப்பும் ஒரே வீட்டுக்குரியனவாய்ப் பொருந்தி நிற்றலே காரணம். இடையிடையே திங்கள் பல கடந்து நடந்த படப்பிடிப்பில் இப்பொருத்தத்தைக் காத்தல் எளிய செயல் அன்று.

1956-இல் வந்த 'அபராஜிதோ' நம் ஆய்வுக்கு இன்னும் பயன் தருவது. ஈண்டுச் சற்று நின்று நோக்குதல் வேண்டும். ஹரிஹரனின் குடும்பம் காசிக்குக் குடிபெயர்கின்றது. படித்துறைகளும் சந்துகளும் காசியிலேயே படமாக்கப்பட்டன. குடும்பம் வாழும் பழைய வீட்டின் உட்புறம் மட்டும் கல்கத்தா நிலையத்தில் கட்டப்பட்டது. காசி வீடுகளின் அமைப்பு நம் நாட்டு முற்றத்து வீடுகளை ஒருவாறு ஒத்தது. நடுவே முற்றம், சுற்றிலும் மாடிகள், மேலே ஒரு துண்டு வானம். அவ்வீட்டுக்கு ஒளி தருவது ஞாயிற்றின் நேர்க்கதிர் அன்று; அந்த வானத்துண்டிலிருந்து இறங்கிப் பரவும் ஒளி. அவ்வொளியில் கூர்மையான நிழல் விழாது. நிலையத்திலோ மேலே வரிசையாகத் தொங்கும் விளக்குகள் உள. ஒவ்வொன்றும் ஒரு நிழலை வீழ்த்தும். ஒருவர் நடந்தால் மூன்று நிழல்கள் சுவரில் உடன் நடக்கும். சுவர் எத்துணைத் திறம்படப் பூசப்பட்டிருப்பினும் அந்நிழல் வீழ்ந்த கணமே பொய் வெளிப்பட்டுவிடும். ஒளிப்பதிவாளர் சுப்ரதோ மித்ரா இதற்கு ஒரு வழி கண்டார். கட்டப்பட்ட முற்றத்தின் மேலே வானம் இருக்க வேண்டிய இடத்தில் வெண்துணியை விரித்துக் கட்டி, விளக்குகளை அத்துணியை நோக்கித் திருப்பினார். துணியிற் பட்டுத் திரும்பிய ஒளி நிழலின்றி முற்றத்தில் இறங்கியது. காசி கல்கத்தாவுக்கு வந்தது.

இது மித்ராவின் கண்டுபிடிப்பு என்றே திரைப்பட வரலாறுகள் கூறும். அது முற்றும் உண்மை. ஆயினும் அக்கண்டுபிடிப்பு தோன்றுதற்கு இடம் தந்தது, முற்றத்தை முற்றமாகவே கட்டிய காட்சியமைப்பு என்பதை அவ்வரலாறுகள் அழுத்திக் கூறுவதில்லை. மேடையமைப்பில் பழகியவர் மூன்று சுவர்களை நிறுத்தி முன்புறத்தைத் திறந்து வைத்திருப்பர். அங்கே வானத்துக்கு இடமே இராது. வீட்டுக்கு ஒளி எங்கிருந்து வரும் என்று முதலில் வினவி, அதன்பின் சுவரை நிறுத்துவது ஒரு முறை. சுவரை நிறுத்திவிட்டுப் பின் ஒளியைப் பற்றி எண்ணுவது மற்றொரு முறை. பன்சி சந்திரகுப்தாவின் அமைப்புக்களில் முன்னைய முறையையே யாம் காண்கின்றோம். சிலப்பதிகார அரங்கேற்று காதையில் இளங்கோவடிகள் ஆடரங்கின் நீளம், அகலம், உயரம் ஆகியவற்றைக் கோலளவால் கூறிச் செல்கையில், தூண்களின் நிழல் அரங்கினுட் படாதவாறு விளக்கை நிறுத்துதலையும் அரங்கின் இலக்கணமாகவே கூறுதல் ஈண்டு நினைக்கத் தக்கது. அரங்கு வேறு, விளக்கு வேறு என்று அவர் கருதவில்லை. காலத்தாலும் கருவியாலும் மிகச் சேய்மையில் உள்ள இரு கலைஞர் கூட்டங்கள் ஒரே இடர்ப்பாட்டை எதிர்கொண்டன என்பதற்கு மேல் இவ்வொப்புமையை நீட்டுதல் பொருந்தாது. 'அபராஜிதோ' 1957-இல் வெனிசு விழாவில் தங்கச் சிங்கப் பரிசைப் பெற்றது.

'ஜல்சாகர்' (1958) இதற்கு மறுதலையான ஓர் இடர்ப்பாட்டை முன்வைத்தது. தாராசங்கர் பந்தோபாத்யாயரின் கதை. செல்வம் தேய்ந்தும் இசையரங்கு நடத்தும் செருக்கை விடமாட்டாத ஒரு நிலக்கிழாரைப் பற்றியது. அவருடைய மாளிகையாக முர்ஷிதாபாத் மாவட்டத்தில் பத்மா ஆற்றங்கரையிலுள்ள நிமிதிதா மாளிகை தெரிந்தெடுக்கப்பட்டது. அதன் உயர்ந்த தூண்களையும், முன்னே விரிந்து கிடக்கும் மணல்வெளியையும் எந்நிலையத்திலும் கட்ட இயலாது. ஆனால் படத்துக்கு உயிராகிய இசைக்கூடம் கதைக்கு ஏற்ற பெற்றியதாய் அம்மாளிகையில் அமையவில்லை. ஆதலின் கூடம் கல்கத்தாவில் கட்டப்பட்டது. வெளிப்புறம் மெய், உட்புறம் ஆக்கம்; இரண்டுக்கும் இடையே ஒரு கதவு. அக்கதவின் வழியே நிலக்கிழார் நுழையும்போது நாம் நூற்றுக்கணக்கான கல் தொலைவைக் கடக்கின்றோம், கடந்தது தெரிவதில்லை. கூடத்தில் உள்ள பொருள்கள் மிகுதி அல்ல. சரவிளக்கு, பெருங்கண்ணாடி, முன்னோரின் ஓவியங்கள், தரைவிரிப்பு. இவற்றுள் ஒவ்வொன்றும் கதையில் இருமுறை, மும்முறை வருகின்றது. வரும்போதெல்லாம் பொருள் மாறுகின்றது. விளக்கு எரியும்போது அது குடிப்பெருமை, ஆடும்போது தீநிமித்தம், திரிகள் ஒன்றன்பின் ஒன்றாய் அவியும்போது அதுவே இறப்பு. ஓவியத்தின்மேல் ஊரும் சிலந்தியைக் கண்ட நிலக்கிழார் பதறுவது நம் இலக்கணத்தார் கூறும் இறைச்சியன்றிப் பிறிதென்ன?

இன்னும் சிறியதொரு சான்று. 'அபுர் சன்சார்' (1959) படத்தில் இருப்புப்பாதை ஓரத்து மாடியறையில் அபு தனியனாய் வாழ்கின்றான். சாளரத் திரைச்சீலை கிழிந்திருக்கின்றது. மணம் முடித்து வந்த அபர்ணா அக்கிழிசலின் வழியாகவே முதன்முதலில் வெளியே நோக்கிக் கண்ணீர் வடிக்கின்றாள். சிறிது நேரத்திற்குப் பின் அதே சாளரத்தை மீண்டும் காண்கின்றோம். புதிய திரைச்சீலை, விளிம்பில் ஒரு பூந்தொட்டி. அவர்கள் அன்பு கொண்டனர் என்று ஒருவரும் சொல்லவில்லை. சொல்லவேண்டிய தேவையும் இல்லை. நாடகத்தனமான படமாயின் இவ்விடத்தில் ஒரு பாட்டு வந்திருக்கும்.

இனி 'மகாநகர்' (1963), 'சாருலதா' (1964) ஆகிய இரண்டனையும் அடுத்தடுத்துக் காண்போர்க்கு இக்கலையின் அகலம் விளங்கும். முன்னது கல்கத்தா எழுத்தர் ஒருவரின் வீடு. பெற்றோர், தங்கை, மகன், மனைவி எல்லாரும் சில சிற்றறைகளில் வாழ்கின்றனர். ஒருவர் எழுந்தால் மற்றவர் விலக வேண்டும். கணவனும் மனைவியும் மெல்லப் பேசினாலும் அடுத்த அறைக்குக் கேட்கும். மருமகள் வேலைக்குச் செல்வதை மாமனார் ஏற்காமல் மௌனம் காப்பது இவ்வளவு நெருக்கமான வீட்டில்தான் தாங்கொணாததாகின்றது. அறையைச் சற்றே அகலமாகக் கட்டியிருந்தால் படப்பிடிப்பு எளிதாயிருக்கும், படம் கெட்டிருக்கும்.

'சாருலதா'வில் நெருக்கம் அன்று, வெறுமையே துன்பம். இரவீந்திரநாதர் 1901-இல் எழுதிய 'நஷ்டநீர்' என்னும் கதையைத் தழுவிய இப்படம் 1879–80 ஆண்டுகளில் நிகழ்வது. தலைவன் பூபதி வீட்டிலேயே அச்சகம் வைத்து ஆங்கில அரசியல் இதழ் நடத்துபவன், நல்லவன், மனைவியின் தனிமையை அறியாதவன். அவ்வீட்டின் உட்பகுதி நிலையத்தில் எழுந்தது. விக்டோரியா காலத்துச் சுவர்த்தாள்கள், செதுக்கு வேலைப்பாடமைந்த கட்டில், கண்ணாடிகள், நூற்பேழைகள் எனச் செல்வர் வீட்டுக்குரியன எல்லாம் நிரம்பியுள்ளன. ஆயினும் வியப்பு இவற்றில் இல்லை. தொடக்கத்துச் சில நிமிடங்களில் சாரு கையில் சிறு தொலைநோக்கியுடன் ஒரு சாளரத்திலிருந்து மற்றொரு சாளரத்துக்கு ஓடி, அடைப்புப் பலகைகளின் இடுக்கு வழியே தெருவில் செல்வோரைக் காண்கின்றாள். அறைகள் தொடர்ந்து அமைந்திருந்தாலன்றி அவள் ஓட்டம் தொடராது. பின்னர்ப் பூபதி நீண்ட இடைகழி வழியே நூலொன்றைப் படித்துக்கொண்டே அவளைக் கடந்து செல்கின்றான்; அவள் அங்கு நிற்பதைக் காணவே இல்லை. அவன் விலகிச் செல்லுங்கால் அவனையும் தொலைநோக்கியால் நோக்குகின்றாள். தன் வீட்டில் உள்ள கணவனைத் தொலைநோக்கியால் காண வேண்டிய தொலைவு! அவ்விடைகழி பத்தடி குறைந்திருந்தால் இக்காட்சி நகைப்புக்கு இடமாகியிருக்கும். படத்தின் உரிப்பொருள் முழுவதும் ஓர் இடைகழியின் நீளத்தில் அடங்கியிருப்பதை யாம் பிற எப்படத்திலும் இத்துணைத் தெளிவாகக் கண்டிலேம்.

'நாயக்' (1966) படத்தின் இரயில் பெட்டிகளைப் பற்றிச் சுருங்கக் கூறுவோம். கல்கத்தாவிலிருந்து தில்லிக்குச் செல்லும் இரயிலில் படத்தின் பெரும்பகுதி நடக்கின்றது. நடிகர் உத்தம் குமார் அமர்ந்திருக்கும் பெட்டியும் உணவுப் பெட்டியும் நிலையத்தில் ஆக்கப்பட்டவை. சாளரத்துக்கு வெளியே ஓடும் நிலம் திரையிற் காட்டப்படும் படமே. இருக்கையின் உயரம், கதவுப் பிடி, கண்ணாடியில் தோன்றும் எதிரொளி ஆகியவற்றுள் ஒன்று பிழைப்பினும், நாள்தோறும் இரயிலில் செல்லும் மக்கள் உடனே கண்டுபிடித்துவிடுவர். மாளிகையை அறியாதோர் உளர். இரயில் பெட்டியை அறியாதோர் இலர்.

இவற்றையெல்லாம் கேட்ட பின் ஒரு தடை எழும். ராய் தாமே ஓவியர். விளம்பர நிறுவனத்தில் வரைகலைப் பணி புரிந்தவர். ஒவ்வொரு படத்துக்கும் காட்சிகளைத் தம் குறிப்பேட்டில் வரைந்து வைத்தவர். அங்ஙனமாயின் மேலே கூறிய சிறப்புக்கள் ராய்க்கு உரியனவா, பன்சி சந்திரகுப்தாவுக்கு உரியனவா? திறனாய்வாளர் பலர் இவ்வினாவை எழுப்பாமலேயே எல்லாவற்றையும் இயக்குநர் பெயரில் எழுதிவிடுகின்றனர். ஏட்டுச்சுவடியில் இடைச்செருகல் எது, மூலம் எது என்று ஆராயும் நமக்கு இப்போக்கு உடன்பாடு ஆகாது. இருவர் கூடிச் செய்த பணியில் இன்ன கோடு இன்னாருடையது எனப் பிரித்தல் இயலாது என்பது உண்மையே. ஆனால் ஒரு வழி உண்டு. ராய் இல்லாத படங்களில் இதே இயல்புகள் காணப்படுகின்றனவா என்று நோக்குவதே அது.

மிருணாள் சென்னின் 'பாய்ஷே சிராபண்' (1960) வங்கப் பஞ்சக் காலத்தில் ஒரு சிற்றூர்க் குடும்பம் சிதைவதைக் கூறுகின்றது. கணவன் மனைவியரிடையே சொல் குறையக் குறைய வீடும் வறுமையுறுகின்றது. அபர்ணா சென் இயக்கிய '36 சௌரங்கீ லேன்' (1981) தனியே வாழும் ஆங்கில இந்திய முதிய ஆசிரியை ஒருவரின் கதை. அவருடைய அறையில் பழைய இசைத்தட்டுப் பெட்டி, ஒளிப்படங்கள், பூனை. அங்கு வரும் இளங்காதலர், அறையைத்தான் நாடினர், அவரை அன்று என்பது மெல்லத் தெரியவரும்போது, அறை நிரம்பியிருந்தது போய் வெறுமையாகின்றது.  இருவேறு இயக்குநர், இருவேறு காலம், ஒன்று கருப்பு வெள்ளை, மற்றொன்று வண்ணம். ஆயினும் வாழ்வோரின் உள்ளத்தை அவர்தம் பொருள்களின் நிலையால் உணர்த்தும் இயல்பு இரண்டிலும் ஒன்றே. இவ்வியல்பு எல்லா இயக்குநரிடமும் தற்செயலாய் வந்து பொருந்தியது எனல் சாலாது. அது பன்சி சந்திரகுப்தாவின் கைத்திறம் என்றே யாம் துணிகின்றோம்.

1970-ஐ ஒட்டி அவர் பம்பாய்க்குச் சென்றார். புதுப்பட இயக்கத்தைச் சார்ந்த குமார் சகானியின் 'மாயா தர்ப்பண்' (1972), அவ்தார் கவுலின் '27 டவுன்' (1974) ஆகியவற்றுக்குப் பணிபுரிந்தார். உடன் வணிக நோக்குடைய இந்திப் படங்களுக்கும் பணிபுரிந்தார். 'சீமா', 'தோ ஜூட்', 'சக்ரா' ஆகிய மூன்று படங்களுக்காகப் பிலிம்பேர் பரிசு மும்முறை அவருக்குக் கிடைத்தது. முன்னைய இரண்டின் பெயர் திரைப்பட மாணவர் பலருக்கு இன்று தெரியாது. 'சாருலதா'வின் இடைகழிக்கோ 'அபராஜிதோ'வின் முற்றத்துக்கோ அத்தகைய பரிசு எதுவும் இல்லை. பிலிம்பேர் பரிசு இந்திப் படங்களுக்குரியது, நடுவணரசின் தேசிய விருதுகளிலோ கலை இயக்கத்துக்கெனத் தனி விருது 1970-களின் இறுதியில்தான் ஏற்பட்டது. ஒளிப்பதிவுக்கு அதற்கு முன்பே விருது இருந்தது. வரிசையில் கடைசியாக நினைக்கப்பட்ட தொழில்களுள் இதுவும் ஒன்று.

ராயுடன் அவர் மீண்டும் சேர்ந்தது 'சத்ரஞ்சு கே கிலாடி' (1977) படத்திற்கு. பிரேம்சந்த் கதை, 1856-இல் ஆங்கிலேயர் அவத் நாட்டைக் கைக்கொண்ட காலம், இலக்னோ நகரம். இப்பொழுது வண்ணம் என்னும் புதிய பொறுப்பும் சேர்ந்தது. கருப்பு வெள்ளையில் பழமையைக் காட்டச் சுவரின் கறை போதும். வண்ணத்திலோ கறையும் ஒரு நிறம். அழகாகிவிடும் இடர் உண்டு. நவாபின் அவை வண்ணத்தால் நிரம்பி வழிய, ஆங்கில ரெசிடென்டின் அறை நிறம் குன்றி நிற்பதைக் காண்போர், அரசியல் வாதம் தொடங்கும் முன்னரே இரு நாகரிகங்களின் வேறுபாட்டை உணர்ந்துவிடுகின்றனர். சதுரங்கம் ஆடும் இருவருடைய வீடுகளோ நாடு போவதை அறியாமல் திண்டும் விரிப்புமாய் அமைதியாக இருக்கின்றன.

1981-இல் வெளிவந்த படங்களுள் '36 சௌரங்கீ லேன்', 'உம்ராவ் ஜான்', 'சக்ரா', 'கல்யுக்' ஆகிய நான்கிலும் அவர் பெயர் உள்ளது. தனியறை ஆசிரியை, பழைய இலக்னோவின் கணிகை, பம்பாய்க் குடிசை மக்கள், தொழிற்பெருஞ்செல்வர் என நால்வேறு நிலத்தின் கருப்பொருள்களை ஏறக்குறைய ஒரே காலத்தில் ஒருவர் ஆக்கியிருக்கின்றார். அவ்வாண்டு சூன் திங்களில், அமெரிக்காவுக்குச் சென்றிருந்தபோது, நியூயார்க் மாநிலத்தில் அவர் உயிர் நீத்தார். அகவை அறுபதை எட்டவில்லை.

படப்பிடிப்பு முடிந்ததும் காட்சியமைப்புக்கள் பிரிக்கப்பட்டுவிடும். மரமும் துணியும் அடுத்த படத்துக்குச் சென்றுவிடும். காசி முற்றமும் சாருவின் இடைகழியும் அங்ஙனமே மறைந்தன. எஞ்சியிருப்பவை படச்சுருளில் உள்ளனவே. நிமிதிதா மாளிகை மட்டும் சிதைந்த நிலையில் ஆற்றங்கரையில் நிற்கின்றது. அங்கே செல்வோர் 'ஜல்சாகர்' படத்தின் இசைக்கூடம் எது என்று கேட்கக்கூடும். அக்கூடம் அங்கு இருந்ததே இல்லை.